'ஏலியன்' மிருகம் இன்னும் ரப்பர் பொம்மையாகத் தெரியாதது ஏன்?

கேள்வி இதுதான்: 1979-இல் வந்த 'ஏலியன்' படத்தை இப்போதுதான் பார்த்தேன், கம்ப்யூட்டர் கிராபிக்ஸ் இல்லாத காலத்தில் இதை எப்படி எடுத்தார்கள்? அந்த மிருகத்தை முழுசாகக் காட்டாமலே படத்தை ஓட்டியது ஏன்? 1982-இல் வந்த 'தி திங்' படத்தில் மட்டும் எல்லாவற்றையும் வெளிச்சம் போட்டுக் காட்டுகிறார்களே, அது எப்படி எடுபட்டது?

மூன்றுக்கும் சேர்த்தே பதில் சொல்கிறேன். ஏனென்றால் இரண்டு படங்களும் ஒரே இடத்திலிருந்து கிளம்பியவை. தெற்கு கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் சினிமா படித்த ஜான் கார்பென்டரும் டான் ஓபானனும் சேர்ந்து 'டார்க் ஸ்டார்' என்றொரு விண்வெளிப் படம் எடுத்தார்கள். 1974-இல் வெளியானது. கையில் காசு கிடையாது. அதில் வரும் வேற்றுக்கிரக ஜந்து, கடற்கரையில் தட்டி விளையாடும் காற்றடைத்த பந்துதான். பெயின்ட் அடித்து, கீழே ரப்பர் கால்களை ஒட்டிவிட்டார்கள். நகைச்சுவைப் படம் என்பதால் ஒப்பேறியது. ஆனால் ஓபானனுக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது. இதே மாதிரிக் கதையைச் சிரிப்பில்லாமல், நிஜம் என்று நம்பும்படியான ஜந்துவோடு எடுக்க வேண்டும் என்று நினைத்தார். அதுதான் பிறகு 'ஏலியன்' ஆனது. கூடப் படித்த கார்பென்டர்தான் 'தி திங்' எடுத்தவர்.

1975-இல் ஓபானன் பாரிஸ் போனார். இயக்குநர் அலெஹாந்த்ரோ ஹொடரோவ்ஸ்கி அங்கே 'டியூன்' நாவலைப் படமாக்க ஓவியர்களைச் சேர்த்துக்கொண்டிருந்தார். பணம் கிடைக்காமல் அந்தப் படம் நின்றுபோனது. ஆனால் பிரிட்டனின் கிறிஸ் ஃபாஸ், பிரான்ஸின் காமிக்ஸ் ஓவியர் மோபியஸ், சுவிட்சர்லாந்தின் எச்.ஆர். கீகர் ஆகிய மூன்று பேரின் வேலையும் ஓபானனுக்கு அங்கேதான் அறிமுகமானது. எடுக்கப்படாத ஒரு படம் சினிமாவுக்கு இவ்வளவு கொடுத்தது அபூர்வம். ஊர் திரும்பியவருக்குத் தங்க இடமில்லை. நண்பர் ரொனால்ட் ஷுசெட் வீட்டு சோபாவில் படுத்துக்கொண்டு, அவரோடு சேர்ந்து கதையை உருட்டினார். ஓபானனுக்குக் குடலில் கிரோன் நோய் இருந்தது. வயிற்றுக்குள் இருந்து ஏதோ பிறாண்டுவது போன்ற அந்த வலியிலிருந்துதான் நெஞ்சைக் கிழித்துக்கொண்டு குட்டி வெளியே வரும் காட்சி பிறந்தது.

1977-இல் 'ஸ்டார் வார்ஸ்' ஓடிய ஓட்டத்தில், டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனத்துக்கு உடனே இன்னொரு விண்வெளிப் படம் தேவைப்பட்டது. மேஜையில் இந்தக் கதை இருந்தது. இயக்குநராக வந்த ரிட்லி ஸ்காட் அதுவரை ஏராளமான விளம்பரப் படங்களும் 'தி டூயலிஸ்ட்ஸ்' என்ற ஒரே ஒரு முழுநீளப் படமும் எடுத்தவர். அடிப்படையில் ஓவியம் படித்தவர். லண்டனில் உட்கார்ந்து படம் முழுவதையும் காட்சி காட்சியாகக் கையால் வரைந்தார். அந்த ஸ்டோரிபோர்டைப் பார்த்த நிறுவனம் பட்ஜெட்டை 42 லட்சம் டாலரிலிருந்து 84 லட்சமாக, அதாவது அப்படியே இரட்டிப்பாக உயர்த்தியது. காகிதத்தில் பென்சிலால் போட்ட கோடுகள்தான் அந்தப் பணத்தை வாங்கித் தந்தன.

சரி, இனி விஷயத்துக்கு வருகிறேன். கம்ப்யூட்டர் கிராபிக்ஸ் அறவே இல்லை என்று சொல்ல முடியாது. கப்பல் கிரகத்தில் இறங்கும்போது மானிட்டரில் மலைகள் வெறும் கோடுகளாக நகர்ந்து வருமே, அது கம்ப்யூட்டரில் செய்ததுதான். மற்றபடி நீங்கள் பார்த்தது மரம், பிளாஸ்டர், லேடெக்ஸ், எலும்பு, கசாப்புக்கடைச் சாமான். ஆனால் பொருள் மட்டும் காரணமில்லை. அன்றைக்கு வந்த மற்ற படங்களும் இதே ரப்பரில்தான் மிருகம் செய்தன, அவை இன்று சிரிப்பு மூட்டுகின்றன. என் பார்வையில் 'ஏலியன்' தப்பித்தது ஒரு நிர்வாக முடிவால். மனிதர்களின் உலகத்தை ஒரு குழுவிடமும் வேற்றுக்கிரக உலகத்தை வேறொரு ஆளிடமும் கொடுத்து, கடைசிவரை இரண்டையும் கலக்கவிடாமல் பார்த்துக்கொண்டார்கள்.

மனிதர்கள் பக்கம் வடிவங்களை வரைந்த ரான் காப், கிறிஸ் ஃபாஸ், கலை இயக்குநர்கள் லெஸ் டில்லி, ரோஜர் கிறிஸ்டியன், எல்லோருக்கும் மேலே தயாரிப்பு வடிவமைப்பாளர் மைக்கேல் சீமோர். மோபியஸ் சில நாட்களே வேலை செய்தார், ஆனால் விண்வெளி உடைகளின் வடிவம் அவர் வரைந்ததிலிருந்து வந்தது. இதில் ரான் காப்தான் எனக்கு மிகவும் பிடித்தவர். அவர் ஓவியராக யோசிக்காமல் இன்ஜினியராக யோசிப்பார். இந்தக் கதவு எதற்கு, இந்தக் குழாயில் என்ன ஓடுகிறது, இங்கே வேலை செய்பவன் எதைப் பிடித்துக்கொண்டு நிற்பான் என்று கேட்டுத்தான் வரைவார். கதையின் மனிதர்கள் பயணிக்கும் நாஸ்ட்ரோமோ கப்பலின் கதவோரங்களில் சின்னச் சின்னச் சதுரச் சின்னங்கள் ஒட்டியிருக்கும், கவனித்தீர்களா? இங்கே காற்றழுத்தம் இல்லை, இங்கே செயற்கை ஈர்ப்பு இருக்கிறது, இங்கே காபி கிடைக்கும் என்று ஒரு முழு வரிசையையே காப் தயாரித்தார். படத்தில் யாரும் அவற்றைப் பற்றி ஒரு வார்த்தை பேசுவதில்லை. ஆனாலும் இது மனிதர்கள் பல வருஷம் வேலை பார்த்த இடம் என்று கண்ணுக்குப் பட்டுவிடுகிறது.

செட்டைக் கட்டியது லண்டனை ஒட்டிய ஷெப்பர்டன் ஸ்டூடியோவில். 1978 ஜூலையில் படப்பிடிப்பு ஆரம்பம், அக்டோபர் வரை போனது. 'ஸ்டார் வார்ஸ்' படத்தில் பழைய விமான உதிரிகளை மலிவாக வாங்கிச் செட்டில் பதித்த அனுபவம் ரோஜர் கிறிஸ்டியனுக்கு இருந்தது. அதே வித்தையை இங்கேயும் செய்தார். கப்பலின் அறைகளைத் தனித்தனியாகக் கட்டாமல், தாழ்வாரங்களோடு ஒன்றோடொன்று இணைத்துக் கட்டினார்கள். நடிகர்கள் கேன்டீன் பகுதிக்குப் போக நிஜமாகவே அந்தத் தாழ்வாரம் வழியாக நடந்து போக வேண்டும். மேற்கூரையும் தாழ்வு. அந்த அடைசல் நடிப்பில்லை, உடம்பே உணர்ந்தது.

வேற்றுக்கிரகப் பக்கம் முழுக்கக் கீகர் ஒருவர் கையில். கைவிடப்பட்டுக் கிடக்கும் கப்பல், முட்டை, வளர்ந்த மிருகம், அனைத்தும் அவருடையவை. அவருடைய ஓவியங்களைப் பார்த்த ஃபாக்ஸ் ஆட்களுக்கு ஆரம்பத்தில் ஒவ்வாமல் போனது, அளவுக்கு மீறிய கோரம் என்று நினைத்தார்கள். ஸ்காட் விடவில்லை. 'நெக்ரோனொமிகான்' என்ற கீகரின் ஓவியத் தொகுப்பில் 1976-இல் வரைந்த 'நெக்ரோனோம் 4' படத்தைப் பார்த்ததுமே, இனி புதிதாக ஒன்றைத் தேட வேண்டாம், இதுதான் மிருகம் என்று முடிவு செய்துவிட்டார். ஷெப்பர்டனுக்கு வந்த கீகர் கேட்ட சாமான்கள் எலும்புகளும் பிளாஸ்டிசின் களிமண்ணும். கசாப்புத் தொட்டியிலிருந்து எலும்புகள் பெட்டி பெட்டியாக வந்து இறங்கின. அவற்றைக் களிமண்ணில் பதித்து, இயந்திரக் குழாய்களோடு இழைத்து, எது எலும்பு எது இரும்பு என்று பிரிக்க முடியாதபடி சிலை வடித்தார்.

அந்தப் பாழடைந்த கப்பலில் நாற்காலியோடு நாற்காலியாகக் கல்லாகிக் கிடக்கும் ராட்சத விமானியின் உயரம் 26 அடி. ஒரே ஒரு காட்சிக்கு இவ்வளவு செலவா என்று நிறுவனம் அதை வெட்டச் சொன்னது. அதைக் காப்பாற்றியவர்களுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம், ஏனென்றால் படத்தின் பிரம்மாண்டம் முழுவதும் அந்த ஒரு காட்சியில் இருக்கிறது. அதில் ஒரு தந்திரமும் உண்டு. தூரத்து ஷாட்டில் அந்த உருவத்தின் பக்கத்தில் நிற்பவர்கள் நடிகர்களே அல்ல, குழந்தைகள். ஸ்காட்டின் இரண்டு மகன்களுக்கும் ஒளிப்பதிவாளர் டெரெக் வான்லின்ட்டின் மகனுக்கும் சின்ன அளவில் விண்வெளி உடை தைத்துப் போட்டு நிறுத்தினார்கள். ஆள் சிறிதானதும் செட் பெரிதாகிவிட்டது. அந்த உடைகளுக்குள் காற்றோட்டம் கிடையாது. கோடைக்காலம் வேறு. குழந்தைகள் மயங்கி விழுந்த பிறகுதான் உடையை மாற்றியமைத்தார்கள். பெரியவர்கள் அதற்கு முன்பே இதே உடைக்குள் திணறிக்கொண்டிருந்தார்கள், பிள்ளைகள் விழும்வரை யாரும் அதைக் காதில் போட்டுக்கொள்ளாதது எனக்கு இன்றும் கோபம் தரும் விஷயம்.

முட்டை அறையில் தரையோடு படுத்திருக்கும் நீல ஒளிப்படலம் ஞாபகம் இருக்கிறதா? அது இரவல். பக்கத்துத் தளத்தில் 'தி ஹூ' ராக் குழு தங்கள் மேடை நிகழ்ச்சிக்கு லேசர் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தது. அதை வாங்கிப் புகைக்குள் அடித்தார்கள். முட்டைக்கு உள்ளே நிழலாக ஏதோ அசைவது ரப்பர் கையுறை போட்ட ஸ்காட்டின் கைகள். முட்டை திறந்ததும் தெரியும் ஈரமான சவ்வு, ஆடு மாடுகளின் குடல் வகையறா. முகத்தில் ஒட்டிக்கொள்ளும் ஜந்து செத்த பிறகு கப்பலின் விஞ்ஞான அதிகாரி ஆஷ் அதைக் குச்சியால் கிளறிப் பார்க்கும் காட்சியில், உள்ளே அடுக்கியிருப்பது சிப்பியும் ஆட்டுச் சிறுநீரகமும். செயற்கையாக எதையாவது வார்த்து வைத்திருந்தால் நம் கண் உடனே கண்டுபிடித்திருக்கும். இறைச்சியை நமக்குப் பிறந்ததிலிருந்தே தெரியும், அதனால்தான் அந்தக் காட்சியில் குமட்டுகிறது.

இப்போது நெஞ்சைக் கிழித்துக்கொண்டு குட்டி வரும் அந்தச் சாப்பாட்டு மேஜைக் காட்சி. கீகர் முதலில் போட்ட குட்டியின் வடிவம் இறகு பிடுங்கிய வான்கோழி போல இருந்தது, யாருக்கும் திருப்தியில்லை. ஸ்காட் பிரான்சிஸ் பேகன் 1944-இல் வரைந்த சிலுவை ஓவியத்தைக் காட்டினார். கண் இல்லாத, வாயும் பல்லுமாக நீளும் உருவங்கள் அவை. அதை வைத்துப் பொம்மையைச் செய்து முடித்தவர் ரோஜர் டிக்கன். படப்பிடிப்பு நாளில், நெஞ்சு கிழியும் ஆளாக நடித்த ஜான் ஹர்ட்டை மேஜைக்குக் கீழே மடக்கி உட்காரவைத்து, தலையும் கைகளும் மட்டும் மேலே வரும்படி விட்டு, கழுத்துக்குக் கீழே போலி நெஞ்சைப் பொருத்தினார்கள். அதற்குள் ரத்தக் குழாய்களும் குடல் துண்டுகளும். இந்த ஏற்பாட்டுக்கே மணிக்கணக்கில் ஆனது. மற்ற நடிகர்கள் அதுவரை வெளியே காத்திருந்தார்கள். நெஞ்சைக் கிழித்து ஒன்று வரும் என்பது அவர்களுக்கு ஸ்கிரிப்டிலிருந்து தெரியும். எவ்வளவு ரத்தம், எந்தப் பக்கம் தெறிக்கும் என்று மட்டும் ஸ்காட் சொல்லவில்லை. உள்ளே நுழைந்தால் கேமராக்காரர்கள் எல்லோரும் ரெயின்கோட் போட்டுக்கொண்டு நிற்கிறார்கள், வாளி வாளியாகக் குடல், நாற்றம். அப்போதே முகங்கள் மாறிவிட்டன.

முதல் டேக்கில் பொம்மை முட்டியது, சட்டை கிழியவில்லை. துணி கொஞ்சம் உப்பித் தணிந்தது, அவ்வளவுதான். அந்த ஏமாற்றமும் நல்லதுக்குத்தான், ஏனென்றால் என்ன ஆயிற்று என்று பார்க்க நடிகர்கள் மேஜைப் பக்கம் குனிந்தார்கள். துணியை முன்கூட்டியே நைந்துபோகும்படி செய்து, மறுபடி முட்டினார்கள். இந்த முறை கிழிந்தது, ரத்தமும் பீய்ச்சியது. நன்றாகக் குனிந்திருந்த நடிகை வெரோனிகா கார்ட்ரைட்டின் முகத்தில் நேராக அடித்தது. அவர் அலறிக்கொண்டே பின்னால் சாய்ந்து விழுந்தார். படத்தில் அவர் முகத்தில் நாம் பார்ப்பது அந்த நிஜமான அதிர்ச்சியைத்தான். ஒரே நேரத்தில் பல கேமராக்கள் ஓடியதால் அது வீணாகாமல் கிடைத்தது. நடிகர்களிடம் பாதியை மறைப்பது இன்றைக்கு ஏற்றுக்கொள்ளக்கூடிய முறையா என்று கேட்டால், எனக்கு அதில் சம்மதமில்லை. பலன் மட்டும் மறுக்க முடியாதது.

வளர்ந்த மிருகத்துக்கு வருவோம். ஸ்காட்டுக்குப் பெரிய கவலை இதில்தான் இருந்தது. கடைசியில் ரப்பர் உடைக்குள் ஒரு ஆள் நிற்பதாகத் தெரிந்துவிட்டால் அத்தனையும் போச்சு. எனவே மனித அளவே இல்லாத மனிதனைத் தேடினார்கள். லண்டனில் ஒரு பப்பில் தற்செயலாகக் கண்ணில் பட்டவர் போலாஜி படேஜோ. நைஜீரிய இளைஞர், டிசைன் படித்துக்கொண்டிருந்தவர், உயரம் 6 அடி 10 அங்குலம், கை கால்கள் மெலிந்து நீண்டவை. நடிப்பு அனுபவம் கிடையாது. அவருக்கு தாய் சி பயிற்சியும் மைம் பயிற்சியும் கொடுத்து, அசைவை மெதுவாக்கினார்கள். வால் இருந்ததால் அவரால் நாற்காலியில் உட்கார முடியாது, அதற்காகவே ஒரு ஊஞ்சல் செய்து தொங்கவிட்டார்கள். உயரத்திலிருந்து தொங்குவது மாதிரியான ஆபத்தான ஷாட்களை மட்டும் ஸ்டன்ட் கலைஞர்கள் செய்தார்கள்.

தலையின் மேல்மூடி ஒளி ஊடுருவும் பொருள். அதற்கு அடியில் முன்பக்கம் ஒரு மண்டையோடு இருக்கிறது, உற்றுப் பார்த்தால் மட்டும் நிழலாடும். மூல ஓவியத்தில் கண்கள் உண்டு. கீகர் அவற்றை எடுத்துவிட்டார். கண் இல்லையென்றால் அது யாரைப் பார்க்கிறது என்று நமக்குத் தெரியாது, எப்போது பாயும் என்றும் தெரியாது. இந்த ஒரு நீக்கம், சேர்த்த அத்தனையையும்விடப் பெரிய வேலை செய்திருக்கிறது. உள்ளிருந்து இன்னொரு வாய் பாய்ந்து வரும் இயந்திரத் தலையைச் செய்தவர் இத்தாலியரான கார்லோ ராம்பால்டி. உதடு விரிவது, தாடை இறங்குவது, உள்வாய் நீள்வது எல்லாம் கேபிளை இழுத்து இயக்கியவை. தாடையோரம் விரிந்து கிழியும் தசைநார்கள் நறுக்கிய ஆணுறைகள், வழியும் கோழை மருத்துவமனையில் பயன்படுத்தும் கே-ஒய் ஜெல்லி.

இவ்வளவு அழகாகச் செய்துவிட்டு ஏன் மறைத்தார்கள்? ஸ்காட் வெறும் இருட்டில் ஒளித்து வைக்கவில்லை. மிருகத்தின் முழு உருவத்தை நம் மூளை கூட்டிச் சேர்த்துப் பார்க்க முடியாதபடி, துண்டு துண்டாகக் கொடுத்தார். இங்கே ஒரு பல், அங்கே ஒரு வழுக்கைத் தலையின் பளபளப்பு, அப்புறம் ஒரு கை. இத்தனை காலும் கையும் எந்தப் பக்கம் மடங்கியிருக்கின்றன என்று புரிவதற்குள் ஷாட் முடிந்துவிடும். முன்பு சொன்ன பிரிவினை இங்கேதான் லாபம் தருகிறது. கடைசியில் கதாநாயகி ரிப்ளி தப்பித்துவிட்டதாக நினைத்துச் சிறிய விண்கலத்தில் சுவிட்சுகளைத் தட்டிக்கொண்டிருக்கும்போது, மிருகம் அவளுக்கு எதிரிலேயே குழாய்களுக்கு நடுவில் மடங்கிப் படுத்திருக்கிறது. நாமும் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம், ஆனால் தெரிவதில்லை. காப் குழுவின் குழாய்கள் கீகரின் மிருகத்துக்கு மறைவிடமாகிவிட்டன. இரண்டையும் ஒரே ஆள் வரைந்திருந்தால் தொடக்கத்திலிருந்தே கப்பல் முழுக்க அந்த மிருகத்தைப் போலவே இருந்திருக்கும், அந்தக் கை நீளும்போது நாம் துள்ளியிருக்க மாட்டோம். இதற்கு எதிர்ச்சான்றும் படத்திலேயே உண்டு. விண்கலத்துக்கு வெளியே அது அந்தரத்தில் தொங்கும் சில விநாடிகளில் முழு உருவமும் தெரிகிறது. படத்திலேயே உடைக்குள் இருக்கும் மனிதனை நான் பார்க்கும் ஒரே இடம் அதுதான்.

'தி திங்' இதற்கு நேர்மாறான கணக்கு. அந்த ஜந்துவுக்குச் சொந்த உருவமே கிடையாது, யாரை விழுங்குகிறதோ அவராக மாறுகிறது. மறைத்து வைப்பதற்கு அங்கே ஒரு முழு வடிவம் இல்லை, மாறுவதைத்தான் காட்டியாக வேண்டும். அந்தப் பொறுப்பு ராப் பாட்டின் என்ற 22 வயது இளைஞர் தலையில் விழுந்தது. ஒரு வருஷத்துக்கும் மேல் ஸ்டூடியோவிலேயே தங்கி ராப்பகலாகச் செய்தார். முடியும்போது உடம்பு ஓய்ந்து ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டியதாயிற்று. நேரம் போதாததால் நாய்க்கூண்டுக் காட்சியின் ஜந்துவை மட்டும் ஸ்டான் வின்ஸ்டன் செய்து கொடுத்தார். பெரும்பாலும் கையை உள்ளே நுழைத்து ஆட்டும் பொம்மை அது. பாட்டினின் உழைப்பில் பங்கு கேட்பதாகிவிடக் கூடாது என்று, பெயர்ப்பட்டியலில் சரிசமமான இடத்தை வின்ஸ்டன் மறுத்துவிட்டார். அவருக்கு நன்றி மட்டும் தெரிவிக்கப்பட்டிருக்கும். இதைப் படிக்கும்போதெல்லாம் அந்த மனிதர் மேல் மரியாதை கூடுகிறது.

அதில் டாக்டர், மயங்கிக் கிடப்பவரின் நெஞ்சில் ஷாக் கொடுக்கும்போது நெஞ்சே வாயாகப் பிளந்து அவர் கைகளைக் கடித்துத் துண்டிக்குமே, அதற்கு இரண்டு கைகளும் இல்லாத ஒருவரை அழைத்து வந்தார்கள். மெழுகு எலும்பு வைத்த போலிக் கைகளைப் பொருத்தி, முகத்துக்கு டாக்டராக நடித்தவரின் முகமூடி. அதற்குப் பிறகு தலை தானாகப் பிய்ந்து இறங்கும் ஷாட்டுக்குப் பயன்படுத்திய ரசாயனங்களின் ஆவி தளத்தில் தேங்கி நின்றது. ஷாட்டில் நெருப்பு தெரிய வேண்டும் என்று பற்ற வைத்ததும் குப்பென்று தீப்பிழம்பு எழுந்து, மறுபடி முதலிலிருந்து தயார் செய்ய வேண்டியதாயிற்று. ஒளிப்பதிவாளர் டீன் கண்டி முழு வெளிச்சமும் போடவில்லை, இருட்டிலும் விடவில்லை. சின்னச் சின்ன விளக்குகளால் ஈரத்தையும் மடிப்பையும் மட்டும் எடுத்துக் காட்டினார். நீங்கள் 'வெளிச்சம் போட்டு' என்று சொன்னதில் அந்த ஒரு திருத்தம் தேவை. வந்த கோடையில் விமர்சகர்கள் அந்தப் படத்தைக் கிழித்தார்கள், கூட்டமும் இரண்டு வாரம் முன்னால் வந்த 'ஈ.டி.' பக்கம் போய்விட்டது.

மறுபடி 'ஏலியன்' பற்றி ஒரே ஒரு விஷயம். பெரிய செட் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த சமயத்தில், கப்பல்களின் மினியேச்சர் வேலை பிரே ஸ்டூடியோவில் பிரையன் ஜான்சன், நிக் ஆல்டர் தலைமையில் நடந்தது. நடிகர்கள் வேலையை முடித்துக்கொண்டு அங்கே வந்த ஸ்காட், மஞ்சளாக இருந்த நாஸ்ட்ரோமோவைச் சாம்பல் நிறத்துக்கு மாற்றச் சொன்னார். அது இழுத்துவரும் சுத்திகரிப்பு ஆலையின் கோபுரங்கள் பிடிக்காமல், சுத்தியலும் உளியும் எடுத்துத் தானே உடைத்தார். மாதக்கணக்கில் அதைச் செய்தவர்கள் கண்ணெதிரே நடந்தது அது. அவர் சொன்னதுதான் சரி என்பது படத்தில் தெரிகிறது, செய்தவர்களின் மனது என்ன பாடுபட்டிருக்கும் என்பதையும் நினைக்காமல் இருக்க முடியவில்லை. 1980-இல் காட்சி விளைவுகளுக்கான ஆஸ்கர் கீகர், ராம்பால்டி, ஜான்சன், ஆல்டர், டெனிஸ் எய்லிங் ஐவருக்கும் கிடைத்தது. கலை இயக்கக் குழுவுக்குப் பரிந்துரையோடு நின்றது.

நீங்கள் பார்த்தது எந்த வடிவம் என்று சொல்லவில்லை. முடிவுக்குச் சற்று முன்னால் ரிப்ளி, சுவரோடு பிசினில் ஒட்டிக்கிடக்கும் கேப்டன் டல்லஸைக் கண்டுபிடிக்கும் காட்சி இருந்தால் அது 2003-இல் மறுபடி வெட்டித் தொகுத்த பதிப்பு. 1979-இல் வேகம் குறைகிறது என்று அதை நீக்கியிருந்தார்கள். ஸ்காட் மூல வடிவத்திலேயே திருப்தி என்றுதான் சொல்லியிருக்கிறார், எனக்கும் அதுதான் சரியாகப் படுகிறது. ஆனால் கப்பல் ஊழியர் பிரெட் பூனையைத் தேடிப் போகும் இடத்துக்காக 2003 பதிப்பையும் ஒருமுறை பாருங்கள். மேலிருந்து தொங்கும் சங்கிலிகளோடு மிருகமும் தொங்கும் ஷாட் அதில் சேர்க்கப்பட்டிருக்கிறது.